பூட்டு அண்ணன் ஒட்டிய சீட்டு

புதுக்கோட்டை மாவட்டத்திலேயே யாரையும் நம்பாத மனிதர் எங்கள் பாலிடெக்னிக் லேப் உதவியாளர் பூட்டு அண்ணன்தான். சால்டரிங் அயர்னை அலமாரியில் வைத்துப் பூட்டுவார். அலமாரிச் சாவியை மேஜையில் வைத்துப் பூட்டுவார். மேஜைச் சாவி இருக்கும் இடத்தைச் சங்கேதமாக ஒரு சீட்டில் எழுதி, அதைச் சட்டைப்பையில் வைத்து ஊக்குக் குத்திக்கொள்வார்.

சங்கேதம் தினமும் மாறும். ஒரு நாள் ‘க’ வந்தால் ‘ங’ என்று எழுதுவார். மறுநாள் எல்லாம் தலைகீழ். மனைவி சொன்ன மளிகைச் சாமான்களை இப்படி எழுதிக்கொண்டு போய், கடையில் அவருக்கே புரியாமல் உப்பு மட்டும் வாங்கி வந்தார். “உப்பு மட்டுந்தாம்மா ஞாபகத்துல இருந்துச்சு” என்றார்.

எங்கள் இறுதியாண்டு செய்முறைத் தேர்வன்று அவர் இல்லை. ஆவுடையார்கோவிலில் அக்கா மகளுக்குக் காதுகுத்து. தாய்மாமன் மடியில் உட்காராமல் எந்தப் பிள்ளைக்குக் காது குத்துவார்கள்? போனையும் எடுக்கவில்லை. நாங்கள் செய்த கருவி லேபுக்குள் இருந்தது. பத்து மணிக்குத் தேர்வாளர் வந்துவிடுவார். பூட்டு உள்ளேயே பதித்த கதவில் ஒரு சீட்டு மட்டும் ஒட்டியிருந்தது:

ஙுங்லுநிப்னநி ழுநங

“சாவி எங்கனு எழுதிருக்காருடி” என்றாள் தோழி ஸ்டெல்லா.

நோட்டை எடுத்து வரிசையாக எழுதினேன். ஒன்று, ஒவ்வொரு எழுத்துக்கும் அடுத்த எழுத்தைப் போடுவது. வாயில் நுழையவில்லை. இரண்டு, முந்தைய எழுத்தைப் போடுவது: “குக்ருதிந்றதி வுதக.”

“இதைச் சொல்லித்தான் காது குத்துறாய்ங்களா?” என்றாள் ஸ்டெல்லா.

மணி ஒன்பது ஐம்பது. மூன்றாவதாக, கிடைத்ததை வலமிருந்து இடமாக வாசித்தேன்.

கதவு திறந்திருக்கு.

ஸ்டெல்லா ஒரு விரலால் தள்ளினாள். திறந்தது. அரை மணி நேரமாக அதன் முன்னாலேயே நின்ற எங்களில் ஒருவருக்கும் தள்ளிப் பார்க்கத் தோன்றவில்லை. பூட்டு அண்ணன் பூட்டாமல் போவாரா என்ன?

தேர்வு நல்லபடியாக முடிந்தது. மறுநாள் கேட்டேன்: “தொறந்து போட்டுட்டுப் போயிட்டீங்களேண்ணே, எவனாச்சும் தூக்கிட்டுப் போயிருந்தா?”

“அதான் யாருக்கும் வெளங்காம எழுதி வச்சேன்ல. பூட்டிட்டுப் போனா நீங்க எங்கிட்டும்மா போவீங்க?”

பிறகு குரலைத் தாழ்த்திக்கொண்டார்.

“மடியில பிள்ளை அழுவுது. எனக்கு நெனப்பெல்லாம் இந்தக் கதவு மேலதான். உள்ள போயிருப்பீகளா, மாட்டீகளான்னு.”