ஊமைப் படத்துக்கு நான் கொடுத்த குரல்

மைக்கைக் கண்டால் எனக்குக் கை நமநமவென்று அரிக்கும். அந்த அரிப்பு ஒருமுறை என் கல்யாணத்தையே காவு வாங்கப் பார்த்தது.

எழுபதுகளின் கடைசி. ஆரணியில் நண்பர்கள் சேர்ந்து ஒரு சினிமா சங்கம் நடத்தினோம். (சங்கம் என்றால் நாங்கள் ஐந்து பேரும் ஒரு வாடகை புரொஜக்டரும்.) ஒருநாள் கல்யாண மண்டபத்தில் வெளிநாட்டு ஊமைப் படம் ஒன்றைப் போட்டோம். வறுமையில் வாடும் ஒரு தாய், பிள்ளைகளின் வயிற்றை நிரப்பத் துணி தைத்துக் கடைக்காரனிடம் கொண்டுபோகிற கதை.

அப்போது எனக்கு ஒரு சம்பந்தம் கூடிவந்திருந்தது. பெண்ணின் அப்பா, பக்கத்து முள்ளிப்பட்டுத் தறிகளுக்குப் பாவு நூல் கொடுத்துப் பட்டுச்சேலை நெய்யவைத்து வாங்கும் முதலாளி. "எம்புள்ள மைக்ல பேசறத வந்து பாருங்க" என்று அம்மா அவரைக் குடும்பத்தோடு அழைத்துவிட்டாள். அவருக்கு என்னைப் பிடித்துவிட்டால் வெள்ளிக்கிழமை தட்டு மாற்றிவிடலாம் என்று ஏற்பாடு. முன்வரிசையில் கம்பீரமாக உட்கார்ந்திருந்தார்.

படம் ஓடியது. "இன்னாய்யா, சவுண்டு எங்க?" என்று ஒரே விசில். சங்கத்தின் மானத்தைக் காக்க, மைக்கைப் பிடித்து எல்லோருக்கும் நானே பேச ஆரம்பித்தேன். தாய்க்குக் கீச்சுக்குரல். குழந்தைகளுக்கு அதைவிடக் கீச்சு. பெண்கள் பக்கம் மூக்குச் சிந்தும் சத்தம் கேட்டதும் எனக்குத் தலைகால் புரியவில்லை.

திரையில் கடைக்காரன் துணியை வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்து உதட்டைப் பிதுக்கினான். அவன் என்ன சொன்னானோ யார் கண்டது! எங்கள் தெரு நெசவாளர்கள் டீக்கடையில் யாரோ ஒரு முதலாளியைப் போலப் பேசிக்காட்டிச் சிரிப்பார்கள். எனக்கு அந்த வசனம்தான் வாயில் வந்தது. தொண்டையைக் கனைத்துக்கொண்டு எடுத்துவிட்டேன்.

"ஜரிகை கறுத்துக்கினு கீது. கரை கோணிக்கினு போவுது. உனக்காகத்தான் வாங்கிக்கிறேன். வேற யாருன்னா இருந்தா தூக்கி எறிஞ்சிருப்பேன்!"

(அந்தத் துணியில் ஜரிகையே கிடையாது.)

மண்டபம் அதிர்ந்தது. எல்லாத் தலைகளும் முன்வரிசைப் பக்கம் திரும்பின. ஏன் என்று எனக்கு உறைப்பதற்குள் வருங்கால மாமனார் எழுந்தார். தொண்டையைக் கனைத்தார்.

"தம்பி, சம்பந்தம் பேசற வூடாச்சேன்னு, உனக்காகத்தான் பொறுத்துக்கினு கீறேன். வேற யாருன்னா இருந்தா தூக்கி எறிஞ்சிருப்பேன்!"

அதற்கப்புறம் யார் படம் பார்த்தார்கள்? அந்தத் தாயின் கஷ்டம் தீர்ந்ததா என்று இன்றுவரை ஆரணியில் யாருக்கும் தெரியாது. அம்மா முந்தானையால் முகத்தை மூடிக்கொண்டாள். மறுநாள் காலையில் சம்பந்தம் வேண்டாமென்று ஆள் வந்துவிட்டது.

என்னைக் காப்பாற்றியது அவர் மகள்தான். மண்டபத்தில் எல்லோரையும்விடப் பலமாகச் சிரித்தவள் அவளாம். "எங்க நைனாவ மூஞ்சிக்கு நேரா பேசிக்காட்டுன ஆளு இவருதான். கட்டுனா இவரத்தான் கட்டுவேன்" என்று ஒரே பிடிவாதம்.

எண்பதுகளில் மாமனார் வீட்டுக்கு டி.வி. வந்தது. சத்தம் போய்ப் படம் மட்டும் ஓடினால் போதும், வீடே என் முகத்தைப் பார்க்கும். மாமனார் பாய்ந்து போய்ப் பெட்டியை அணைத்துவிட்டுச் சொல்வார்:

"மாப்புள, நீங்க எழுந்து சாப்புட வாங்க."