மடிப்புக் கலையாத சட்டை

"மெக்கானிக்கை உள்ளே துணி துவைக்கிற மெஷின் முன்னாடி உட்கார வெச்சாச்சு. கலைக்கூடத்து அதிகாரி ஹால்ல இருக்காரு. போ, போ!" என்று கணவர் அவசரப்படுத்தினார்.

"யாரு எவர்னு கேட்டீங்களா?"

"கேட்கணுமா? சட்டையைப் பார்த்தாலே தெரியுதே!"

அன்றாட வாழ்க்கையைக் காணொளியாக்குவதையே பன்னிரண்டு ஆண்டுகளாகத் தொழிலாகக் கொண்ட அவளைத் தெருவே 'கேமராக்காரி' என்றழைத்தது. ஆயினும், அவளுடைய படைப்புகளுள் ஒன்றுகூட எந்தக் கண்காட்சியிலும் இடம்பெற்றதில்லை. இன்று அதிகாரி தலையசைத்தால் தனிக் கண்காட்சி. இல்லையேல், கேமராவைத் துணியில் சுற்றிப் பரணில் ஏற்றிவிடுவதென்று அவள் உறுதிபூண்டிருந்தாள்.

ஹாலில், மடிப்புக் கலையாத சட்டையுடன் ஒருவர் நிமிர்ந்து அமர்ந்திருந்தார்.

"அம்மா, நான் வந்து..."

"முதல்ல பாருங்க சார், அப்புறம் பேசலாம். தயங்காம குறையைச் சொல்லணும்."

தொலைக்காட்சியில் படம் ஓடத் தொடங்கியது: கணவர் ஒற்றைச் சட்டையைத் தேய்க்கும் ஆறு நிமிடக் காவியம். உள்ளே மெஷின் வேறு கடகடவென்று அதிர்ந்து மானத்தை வாங்கியது.

வந்தவர் காதைத் தீட்டிக்கொண்டார். "சத்தம் சரியில்லீங்க."

அவள் மடிக்கணினியைத் திறந்து, படத்தின் ஒலியை அடியோடு நீக்கினாள். "இப்போ?"

"நடுக்கமும் அதிகமா இருக்கு."

கேமராவைக் கையில் பிடித்தபடி எடுத்த காட்சிகள் அத்தனையும் பறந்தன. படம் இரண்டு நிமிடமாக இளைத்தது.

"இன்னும் ஏதாவது சார்?"

"உள்ளே வேண்டாதது ஏதோ மாட்டிக்கிட்டிருக்கு. அதை எடுத்துட்டா போதும்."

அவள் திரையை உற்றுநோக்கினாள். பிறகு, கணவரை உற்றுநோக்கினாள்.

"என்னையா எடுக்கப் போற?" என்று அவர் பதறினார். "மூணு நாளா ஒரே சட்டையைத் தேய்ச்சேனேடி!"

"கலைக்காகக் கொஞ்சம் விட்டுக்கொடுங்களேன்!"

கணவரும் நீக்கப்பட்டார். எஞ்சியவை பதினொரு வினாடி, ஒரு மேசை, ஓர் இஸ்திரிப்பெட்டி.

"இப்போ எப்படி சார்?"

"அப்படியேதான் இருக்கு," என்றார் அவர் மெய்யான வருத்தத்துடன். "எத்தனை வருஷமா வெச்சிருக்கீங்க? பேசாம புதுசா ஒண்ணை மாத்திடுங்க."

"யாரை மாத்தச் சொல்றாரு?" என்று கணவர் எழுந்தே விட்டார்.

அவளோ, பன்னிரண்டு ஆண்டு உழைப்பும் பதினொரு வினாடியாய்ச் சுருங்கிப்போனதை எண்ணிக் கண்கள் கலங்க, பரணை நிமிர்ந்து பார்த்தாள்.

அவ்வேளையில், உள்ளே மெஷின் முன்னால் உட்காரவைக்கப்பட்டிருந்த கசங்கிய சட்டைக்காரர் முகமெல்லாம் பல்லாக ஓடிவந்து, அவளுடைய இரு கைகளையும் பற்றிக் குலுக்கினார்.

"அம்மா, கலைக்கூடத்துக்காக இருபது வருஷமா படம் பார்க்கறேன், ஆனா அந்த வட்டத் திரையில துணியெல்லாம் சுத்திச் சுத்தி விழுதே, அப்படி ஒரு படைப்பைப் பார்த்ததே இல்ல, கண்காட்சி உங்களுக்குத்தான், தயவுசெஞ்சு எந்த மெக்கானிக்கையும் அது பக்கத்துல விட்டுடாதீங்க!"