இறுக மூடா தே

தமிழ் வாசிக்கத் தெரியும் என்று இருபத்திமூன்று வயதுவரை வீட்டில் ஏமாற்றி வந்தவள் நான். தாராவியில் பிறந்து, இந்தி மீடியத்தில் தொடங்கி இங்கிலீஷ் மீடியத்தில் முடித்த எனக்கு, மளிகைக்கடைப் பலகையை எழுத்துக் கூட்டி வாசிக்கும் அளவுக்குத்தான் தமிழ். (பலகையில் அரிசி மூட்டைப் படம் இருந்தால் இன்னும் வேகமாக வாசிப்பேன்.) அம்மா கல்யாணப் பத்திரிகையை நீட்டினால் ஒரு நிமிடம் உற்றுப் பார்த்துவிட்டு, "நல்லா அடிச்சிருக்காங்கம்மா" என்று திருப்பிக் கொடுத்துவிடுவேன்.

முதல் வேலை செம்பூரில், ஒரு சின்ன கம்ப்யூட்டர் கேம் கம்பெனியில். மூன்று மாதம் பார்ப்போம், பிடித்திருந்தால் நிரந்தரம் என்றார்கள். அப்பா அதற்குள் எங்கள் சால் என்கிற வரிசைக் குடியிருப்பில் இருக்கும் அத்தனை வீட்டுக்கும் "மவளுக்கு வேலை கெடச்சிட்டு" என்று சொல்லி முடித்திருந்தார். நிரந்தரமாகாவிட்டால் மாமாவின் ரெடிமேட் கடையில் நைட்டி மடிக்க வேண்டும் என்பதும் முடிவாகியிருந்தது.

கேமில் வரும் கற்பனை நாட்டுக்கு வேண்டியதையெல்லாம் எழுதுவதுதான் என் வேலை. அந்த நாட்டில் மலை மிதக்கும், ஆறு மேல்நோக்கி ஓடும், ராஜாவுக்கு மூன்று நிழல். முடிசூட்டு விழாவுக்கு ஒரு விசேஷ உணவு வேண்டும், புளிக்க வைத்ததாக இருந்தால் நன்றாக இருக்கும் என்றார் எங்கள் பாஸ் ரோஹன். (ரோஹன் என்று பேர் சொல்லித்தான் கூப்பிட வேண்டும் என்பது அவருடைய உத்தரவு.)

எனக்குத் தெரிந்த புளித்த சாப்பாடு, அன்று காலை வீட்டில் குடித்துவிட்டு வந்ததுதான். நீராகாரத்தின் இழுப்பைக் கொஞ்சம் குறைத்து 'நிராகாரா' என்று எழுதினேன். ரோஹன் எழுந்தே நின்றுவிட்டார். இந்தியில் நிராகார் என்றால் உருவமில்லாதது. கடவுளைப் பற்றிப் பேசும்போது வருகிற வார்த்தை. என்ன ஆழம், என்ன ஆழம் என்றார். பழைய சோற்றுத் தண்ணீர் என்று சொல்ல எனக்கு மனம் வரவில்லை. மலைத் தானியத்தில் செய்வது, பொன் நிறம், புது ராஜா சபை நடுவே ஜாடியைத் திறக்க வேண்டும், திறக்கும்போது சத்தம் வந்தால் நல்லாட்சி என்று நாலு பக்கம் எழுதிக் கொடுத்தேன்.

வம்பு அதில்தான் வந்தது. கேமை வெளியிடப்போகிற பெரிய கம்பெனியிலிருந்து ஆட்கள் வருகிறார்கள், அவர்கள் முன்னால் நிஜ நிராகாராவையே வைப்போம் என்றார் ரோஹன். அவர்களுக்குப் பிடித்தால் என் வேலை பக்கா.

நீராகாரம் பார்க்க வெறும் தண்ணீர்போல இருக்கும். கம்பங்கூழில் வெல்லம் போட்டால் ஒருமாதிரி பொன் நிறம் வரும் என்று நினைத்து அம்மாவிடம் செய்முறை கேட்டேன். அன்றுதான் அம்மாவும் அப்பாவும் ஊரில் ஒரு கல்யாணத்துக்கு ரயில் ஏறுகிறார்கள். அம்மா பெட்டியைக் கட்டிய கையோடு உட்கார்ந்து, காலண்டர் தாளின் பின்பக்கத்தில் எழுதி வைத்துவிட்டுப் போனாள்.

அம்மாவின் பேச்சைப் பற்றி ஒன்று சொல்ல வேண்டும். பாதி திருநெல்வேலி, பாதி பம்பாய். "ஏட்டி, ஃபேன பந்த் கர் தே." "அந்தப் பைய கீழ ரக் தே." இந்தியில் பந்த் கர் என்றால் மூடு, நிறுத்து; ரக் என்றால் வை. அதோடு 'தே' சேர்த்தால் 'செய்துவிடு' என்று பொருள்; எங்கள் வீட்டில் அது இல்லாமல் ஒரு வேலையும் நடக்காது. ஒன்றைச் செய்யக் கூடாதென்றால் "தொடாதட்டி", "மூடாதட்டி" என்பாள். பேனாவை எடுத்தால் மட்டும் அம்மா பள்ளிக்கூடத் தமிழுக்குப் போய்விடுவாள் என்பது எனக்குத் தெரியாது.

தாளின் ஓரத்தில் இடம் போதாமல் 'வாயை இறுக மூடா' என்று ஒரு வரி முடிந்திருந்தது. அடுத்த வரி, 'தே. துணி கட்டு. மூன்று நாள்.'

எழுத்துக் கூட்டினேன். மூடா தே. பந்த் கர் தே மாதிரி மூடா தே. அம்மாவின் குரலே கேட்டது. பிளாஸ்டிக் ஊறுகாய்ப் பரணியில் கூழை ஊற்றி, முழங்கால்களுக்கு நடுவே இடுக்கிக்கொண்டு, மூடியை முழு பலத்தோடு திருகி இறுக்கினேன். அதற்குமேல் துணியும் கட்டினேன். துணி எதற்கு என்று ஒரு கணம் தோன்றியது. அலங்காரத்துக்கு என்று வைத்துக்கொண்டேன்.

மறுநாள் ரயிலிலிருந்து அம்மா போன் செய்தாள்.

"சீட்டு வெளங்குச்சாட்டி? அவசரத்துல கிறுக்கிட்டு வந்தேன்."

"எல்லாம் வாசிச்சிட்டேம்மா. ஒன் எழுத்து எனக்குப் புரியாமலா?"

பெருமையாக வேறு இருந்தது.

நல்ல மே மாத வெயில். மூன்றாம் நாள் பரணியை மடியில் வைத்துக்கொண்டு செம்பூர் பஸ்ஸில் போனேன். மூடி உப்பியிருந்தது. நன்றாகப் புளித்திருக்கிறது என்று சந்தோஷப்பட்டேன்.

வந்தவர்கள் மூன்று பேர். அவர்களில் பெரியவர், வெள்ளை குர்த்தா போட்ட ஒரு மேடம். ரோஹன் அவர் தலையில் அட்டைக் கிரீடம் வைத்து, என் நாலு பக்கத்தையும் உருக்கமாக வாசித்தார். மேடம் துணியை அவிழ்த்து மூடியைத் திருகினார். வரவில்லை. ரோஹன் பரணியைப் பிடித்துக்கொள்ள, மறுபடியும் திருகினார்.

சத்தம் வந்தது. நல்லாட்சிக்குத் தேவையானதைவிட நிறையவே வந்தது. மூடி ஃபேனில் அடித்து ஜன்னல் பக்கம் போயிற்று. அதன் பின்னாலேயே கூழ் கிளம்பியது. ஃபேன் ஓடிக்கொண்டிருந்ததால் பாரபட்சம் இல்லாமல் எல்லோருக்கும் கிடைத்தது.

மேடம் கண்ணைத் துடைத்துக்கொண்டு மெதுவாகக் கேட்டார். "யே பீ ரஸம் ஹை க்யா?"

ரஸம் என்றால் இந்தியில் சடங்கு. இதுவும் சடங்கில் சேர்த்தியா என்று கேட்கிறார். பிறந்ததிலிருந்து இந்தி பேசுகிறவள் நான். அந்த நிமிடத்தில் என் காதில் விழுந்தது மிளகு ரசம்.

"நஹி மேடம்," என்றேன். "கூழ் ஹை."

மூன்றாவது மாதம் முடிந்த அன்று ரோஹன் நல்லவிதமாகவே கைகுலுக்கி அனுப்பிவைத்தார். எட்டு மாதம் நைட்டி மடித்தேன். கேம் வேறு யார் மூலமாகவோ வெளிவந்தது. அதில் நிராகாரா இருக்கிறது, எதிரி மேல் வீசுகிற குண்டாக.

இதற்கெல்லாம் முன்பே, கல்யாணம் முடிந்து ஊரிலிருந்து வந்ததும், கூழ் வெடித்த கதையைக் கேட்டுவிட்டு அம்மா சீட்டை எடுத்து வாசிக்கச் சொன்னாள். வாசித்தேன். மூடாதே என்றால் மூடக் கூடாது, காற்றுப் போவதற்குத்தான் துணி என்பது அப்போதுதான் தெரிந்தது. அம்மா திட்டவில்லை. தாளையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"வாசிக்கத் தெரியாதுன்னு சொல்லிருந்தா வாயாலயே சொல்லிருப்பேம்லாட்டி."

வேலை போனதைவிட அதுதான் எனக்கு வெட்கமாக இருந்தது. மகள் வாசிப்பாள் என்று நம்பி, ரயிலுக்கு நேரமான பிறகும் உட்கார்ந்து எழுதியவள். அப்புறம் அவளுக்குச் சிரிப்பு வந்துவிட்டது, வெகுநேரம் அடங்கவில்லை.

நைட்டிக் கடையில் வியாபாரம் இல்லாத மத்தியானங்களில் தமிழ் வாசிக்கவும் எழுதவும் கற்றுக்கொண்டேன். இப்போது வேறு கம்பெனியில் இருக்கிறேன். எங்கள் வீட்டில் யார் எந்த டப்பாவை மூடினாலும் "இறுக மூடா தே" என்று ஒரு குரல் வரும். என் கணவர் மராத்திக்காரர். அவருக்குத் தெரிந்த ஒரே தமிழ் அதுதான். (அதிலும் பாதி இந்தி.)

இதை எழுதி முதலில் அம்மாவிடம்தான் காட்டினேன். முழுவதும் வாசித்து, இரண்டு இடத்தில் றகரத்தைத் திருத்தி, கடைசியில் பென்சிலால் ஒரு வரி எழுதித் தந்தாள். 'மானம் போகும். பத்திரிகைக்கு அனுப்பாதே.'

நிதானமாக எழுத்துக் கூட்டி வாசித்தேன். அனுப்பா தே.

அனுப்பிவிட்டேன்.