உள்பக்கத் தழும்பு

சின்னவள் மறுபடியும் கையைத் திருப்பிக் காட்டிக்கொண்டிருந்தாள். ரொட்டி வாங்க வந்த ரிட்டயர்டு வாத்தியார் கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றிவிட்டு, அவளுடைய மணிக்கட்டைக் குனிந்து பார்த்தார்.

"ஆபரேஷன்ல எங்கேம்மா வெட்டினாங்க? ஒண்ணையும் காணோமே."

"இதோ சார், உள்பக்கம். இந்தக் கோடு."

"இதா? நான் ரேகைன்னுல்ல நினைச்சேன். அந்த டாக்டர் கைக்குத் தங்கக் காப்புதான் போடணும்."

உள்ளே மாவு பிசைந்துகொண்டிருந்த பெரியவளுக்கு வயிறு எரிந்தது. பேக்கரியின் அடுப்பு அவளுக்கு முதுகுப் பக்கம்தான் இருந்தது. ஆனால் அனல் என்னவோ முன்னால் கவுண்டரில் இருந்துதான் வந்தது.

பெரியவளும் சின்னவளும் ஓரகத்திகள். அண்ணனைக் கட்டியவள் பெரியவள், தம்பியைக் கட்டியவள் சின்னவள். கீழே கடை, மேலே வீடு, இரண்டுக்கும் சேர்த்து ஒரே மாமியார். கல்யாணம் ஆகி வந்த நாளில் இருந்து கவுண்டர் பெரியவளுடைய இடம். தெருவில் போகிற வருகிற எல்லோரும் அவளிடம் நாலு வார்த்தை பேசிவிட்டுத்தான் பன்னை வாங்குவார்கள். யார் வீட்டில் பிரசவம், யார் வீட்டில் சண்டை என்பதெல்லாம் முதலில் அவள் காதுக்குத்தான் வரும். அந்த இடம்தான் இப்போது கைமாறிவிட்டது.

காரணம் ஓர் எலும்பு. முன்கையில் கட்டைவிரல் பக்கமாக ஓடும் எலும்பு, இரண்டு பேருக்குமே உடைந்திருந்தது. பெரியவள் முன்பு ஒரு மழைநாளில் மாடிப்படியில் உருண்டாள். சின்னவள் இந்த வருஷம், கழுவிவிட்ட கடை வாசலில் வழுக்கி விழுந்தாள். இரண்டு பேருக்கும் தகடு வைத்துத் திருகாணி முடுக்கியவர் ஒரே எலும்பு டாக்டர். ஆனால் பெரியவளுக்குக் கையின் வெளிப்பக்கத்தைக் கிழித்தவர், சின்னவளுக்கு உள்பக்கத்தைக் கிழித்தார்.

பெரியவளின் தழும்பு முழங்கைக்குக் கீழே தொடங்கி, ஜிப் வைத்துத் தைத்தது மாதிரி இறங்கும். அவள் ரொட்டியை நீட்டினால், வாங்குகிறவர் முதலில் பார்ப்பது தழும்பைத்தான். சின்னவளுக்கோ தேடினாலும் கிடைக்காது. மணிக்கட்டு தேறும்வரை மாவு பிசையக் கூடாது என்பதால், கொஞ்ச நாளைக்கு என்று சொல்லித்தான் அவளைக் கவுண்டரில் உட்கார வைத்தார்கள். அந்தக் கொஞ்ச நாள் அனுமார் வால் மாதிரி நீண்டுகொண்டே போனது. கை தேறி, பாட்டில் மூடியை முறுக்கித் திறக்கிற அளவுக்கு வந்த பிறகும் யாரும் அவளை எழுந்திருக்கச் சொல்லவில்லை. வியாபாரம் நன்றாக நடக்கிறதாம். மாமியாரே சொல்லிவிட்டாள்.

'தழும்பு வெளியே தெரிகிறதால்தானே என்னை உள்ளே தள்ளிவிட்டார்கள்' என்று பெரியவள் முடிவுகட்டிவிட்டாள். அப்படி யாரும் சொல்லவில்லை. சொன்னால்தானா? அவளுக்குத் தெரியாதா?

மறுநாள் அவள் முழுக்கைச் சட்டை போட்டுக்கொண்டு வேலைக்கு இறங்கினாள். தழும்பு மறைந்தது, மனசு கொஞ்சம் ஆறியது. ஆனால் சட்டைக் கையின் பொத்தான் மாவோடு மாவாகப் போய், ஒரு பன்னுக்குள் வெந்து, வாத்தியாரின் கடைவாய்ப் பல்லில் போய் நின்றது. மனிதர் பொத்தானைக் கைக்குட்டையில் மடித்து எடுத்துக்கொண்டு கடைக்கே வந்துவிட்டார். சின்னவள் அவரை உட்கார வைத்தாள், தண்ணீர் கொடுத்தாள், பல் எப்படி இருக்கிறது என்று விசாரித்தாள், புது ரொட்டி ஒன்றைக் கட்டிக் கொடுத்தாள். கோபமாக வந்தவர் சிரித்துக்கொண்டே போனார். போகிற போக்கில், இந்த மாதிரி பெண் கடைக்குக் கிடைக்கக் கொடுத்துவைத்திருக்க வேண்டும் என்று மாமியாரிடம் வேறு சொல்லிவிட்டுப் போனார்.

மாமியார் அன்று சாயங்காலம் பெரியவளை ஒரு பிடி பிடித்தாள். இனிமேல் அரைக்கைச் சட்டைதான் என்று உத்தரவு ஆயிற்று.

பெரியவள் இரண்டு நாள் யோசித்தாள். சின்னவளுக்குக் கை வலித்ததால்தானே கவுண்டர் கிடைத்தது? அப்படியானால் நமக்கும் கை வலித்தால் போயிற்று. மூன்றாம் நாள் காலையில் மாவுத் தட்டைத் தூக்கப் போனவள், தூக்காமலே "அம்மா" என்று உட்கார்ந்துவிட்டாள்.

அவள் கணவன் ஓடிவந்தான். நல்ல மனிதன், எதையும் நம்பிவிடுவான். தகடு வைத்த கையாயிற்றே என்று பதறினான். பெரியவள் முகத்தைச் சுளித்துக்கொண்டே, கனமான வேலைதான் முடியவில்லை, கவுண்டரில் உட்காருவதற்கு ஒன்றும் இல்லை என்று நூல் விட்டுப் பார்த்தாள்.

"கவுண்டராவது ஒண்ணாவது. நீ மேல போய்ப் படு. எல்லாத்தையும் சின்னவ பாத்துக்குவா."

வினையே அங்கேதான் வந்தது. இத்தனை நாள் கவுண்டர்தான் கையை விட்டுப் போயிருந்தது. இப்போது அடுப்படியும் போயிற்று. பெரியவள் மாடியில் படுத்துக்கொண்டு, கீழே சின்னவள் சிரிக்கும் சத்தத்தைக் கேட்டுக்கொண்டிருந்தாள். நேரம் தவறாமல் டீ மேலே வந்தது. அதையும் சின்னவளே கொண்டுவந்தாள்.

"ரொம்ப வலிக்குதாக்கா?" என்று கேட்டு, தழும்பின் மேல் பூப்போலத் தடவிக் கொடுத்தாள்.

'எவ்வளவு பெரிசு என்று அளவு பார்க்கிறாள்' என்று நினைத்துக்கொண்டு பெரியவள் சுவர்ப் பக்கம் திரும்பிப் படுத்தாள்.

வலி குறைந்துவிட்டது என்று சொன்னால் மாவு பிசைய வேண்டும். குறையவில்லை என்றால் டாக்டரிடம் போக வேண்டும். பெரியவள் டாக்டரைத் தேர்ந்தெடுத்தாள். அவரை நேரில் பார்த்து நறுக்கென்று ஒரு கேள்வி கேட்க வேண்டும் என்று ரொம்ப நாளாகவே அவள் மனசில் இருந்தது.

எலும்பு டாக்டர் எக்ஸ்ரேயை வெளிச்சத்தில் மாட்டி, நிலாவைப் பார்க்கிற மாதிரி ரசித்துப் பார்த்தார். எலும்பு அருமையாகக் கூடியிருக்கிறதாம். திருகாணி ஒன்றுகூட அசையவில்லையாம். அப்படியும் வலிக்கிறது என்றால் தகடு உறுத்துகிறதோ என்னவோ, வேண்டுமானால் தகட்டை எடுத்துவிடலாம் என்றார்.

பெரியவள் நிமிர்ந்து உட்கார்ந்தாள். "எடுக்கறதுன்னா உள்பக்கமா எடுங்க டாக்டர். இந்தப் பக்கம் எனக்கு வேண்டாம்."

"அது எப்படிம்மா முடியும்?"

"எங்க வீட்டுச் சின்னவளுக்கு மட்டும் எப்படி முடிஞ்சுது? நீங்கதான பண்ணீங்க? ஒரே வீட்ல இருந்து வர்றோம். ஒருத்திக்கு ஒரு மாதிரி, இன்னொருத்திக்கு ஒரு மாதிரியா?"

டாக்டர் இத்தனை வருஷத்தில் பல புகார்களைக் கேட்டிருக்கிறார். ஓரவஞ்சனை என்று யாரும் சொன்னதில்லை. மனிதர் பொறுமைசாலி. தன் கையையே நீட்டி, விரலால் கோடு போட்டு விளக்கினார். பெரியவளுக்கு உடைந்தது மேலே, முழங்கைக்குக் கிட்டே. விரல்களை நிமிர்த்துகிற நரம்பு அந்த இடத்தில்தான் எலும்பைச் சுற்றிக்கொண்டு போகிறது. அன்றைக்கு உடைந்திருந்த விதத்துக்கு, வெளிப்பக்கமாகப் போய் அதைக் கண்ணால் பார்த்து ஒதுக்கிவிட்டுத் தகடு வைப்பதுதான் சரியாகப் பட்டது. சின்னவளுக்கு உடைந்தது மணிக்கட்டுக்குப் பக்கத்தில். அங்கே உள்பக்கம் எலும்பு தட்டையாக இருக்கும், தகடு பாந்தமாக உட்காரும், மேலே சதை மூடிக்கொள்ளும்.

"தகடு எந்தப் பக்கம் இருக்கோ, அந்தப் பக்கமாத்தான் எடுக்கணும். உள்பக்கம் திறந்தா எனக்கு எலும்புதான் தெரியும், தகடு அந்தாண்ட இருக்கும். பழைய தழும்பு மேலயே கிழிச்சு, முடிஞ்ச வரைக்கும் நல்லாத் தெச்சு விடறேன். போதுமா?"

போதும் என்று பெரியவள் தலையை ஆட்டினாள். அவர் சொன்னதில் ஒரு வார்த்தையையும் அவள் காதில் போட்டுக்கொள்ளவில்லை. சின்னவள் சிரித்து மயக்கி உள்பக்கம் வாங்கிக்கொண்டாள், நமக்குத்தான் சாமர்த்தியம் பத்தவில்லை என்பது ஒன்றுதான் அவள் மண்டையில் ஏறியது.

ஆபரேஷனுக்கு நாள் குறித்தார்கள். ஆஸ்பத்திரியில் சேர்ந்த அன்று காலை, டாக்டரே கட்டிலுக்கு வந்து, கறுப்பு மார்க்கரால் பழைய தழும்பின் மேல் ஓர் அம்புக்குறி போட்டார். எந்தக் கை, எந்தப் பக்கம் என்று தியேட்டரில் யாருக்கும் சந்தேகம் வரக் கூடாது என்பதற்காக அங்கே அப்படி ஒரு வழக்கம். போட்டு முடிக்கும்போது அவருக்குப் போன் வந்தது. பேசிக்கொண்டே போனவர் மார்க்கரைக் கட்டில் ஓரத்திலேயே வைத்துவிட்டுப் போய்விட்டார்.

பெரியவள் மார்க்கரைப் பார்த்தாள். கதவைப் பார்த்தாள். கட்டில் கம்பியில் கை துடைக்கும் ஸ்பிரிட் பாட்டில் தொங்கிக்கொண்டிருந்தது.

தோல் சிவக்கிற வரைக்கும் தேய்த்தாள். ஒருவழியாக அம்பு அழிந்தது. பிறகு வலது கையை மல்லாத்தி மடியில் வைத்துக்கொண்டு, பழக்கமில்லாத இடது கையால், உள்பக்கத்தில் நெளிந்து நெளிந்து ஓர் அம்பு வரைந்தாள். அழகாகத்தான் வரவில்லை. ஆனால் இடம் சரியான இடம். அந்தச் சந்தோஷத்திலேயே அவள் ஸ்ட்ரெச்சரில் ஏறிப் படுத்தாள்.

தியேட்டரில் மயக்க மருந்து கொடுப்பதற்கு முன்னால், அங்கே பல வருஷமாக இருக்கும் தியேட்டர் நர்ஸ் எல்லாவற்றையும் உரக்கச் சொல்லிச் சரிபார்த்தாள். வலது முன்கை, சரி. தகடு எடுப்பது, சரி. வெளிப்பக்கம் என்று சொன்னவள் போர்வையை விலக்கிவிட்டு நிறுத்திக்கொண்டாள்.

"சார், நீங்க உள்பக்கம் போட்டிருக்கீங்க."

டாக்டர் வந்து பார்த்தார். அவர் முகம் தொங்கிப்போயிற்று. பக்கம் மாறியிருந்ததுகூட அவரை அவ்வளவு உலுக்கவில்லை. அந்தக் கோடுதான் உலுக்கிவிட்டது. புழு நெளிந்த மாதிரி இருந்தது.

"இது நான் போட்டதா?" என்றார் மெல்ல. "என் கையா இப்படி நடுங்கியிருக்கு?"

இரண்டு கைகளையும் முன்னால் நீட்டி, நடுங்குகிறதா பாருங்கள் என்றார். இல்லை சார் என்றாள் நர்ஸ். நன்றாகப் பாருங்கள் என்றார். மயக்க டாக்டரிடமும் நீட்டிக் காட்டினார். அதற்குள் பயத்தில் நிஜமாகவே கை நடுங்க ஆரம்பித்துவிட்டது. ஸ்டூலில் உட்கார்ந்து, தனக்கு பிரஷர் பார்க்கச் சொன்னார். அது எக்கச்சக்கமாக இருந்தது. இனிமேல் தான் கத்தியைத் தொடக் கூடாது என்றும், இன்றோடு எல்லாவற்றையும் நிறுத்திவிடுவதுதான் மரியாதை என்றும் தரையைப் பார்த்துப் பேச ஆரம்பித்தார்.

மேசையில் படுத்திருந்த பெரியவளுக்குக் கேட்கப் பொறுக்கவில்லை. ஒரு நல்ல மனிதனின் பிழைப்பில் மண்ணைப் போட அவளுக்கு மனசு வரவில்லை. இடது கையைத் தூக்கிக் காட்டினாள். விரலெல்லாம் கறுப்பு மை.

"நான்தான் டாக்டர் போட்டேன். உங்களுது நல்லாத்தான் இருந்துது, அழிச்சிட்டேன். வலியும் இல்ல. முதல்ல இருந்தே இல்ல."

டாக்டர் அவளைப் பார்த்தார். விரலைப் பார்த்தார். தன் கைகளை இன்னொரு தடவை நீட்டிப் பார்த்துக்கொண்டார். பிறகு திட்டவும் தெரியாமல் சிரிக்கவும் தெரியாமல், ஆபரேஷன் கிடையாது என்று மட்டும் சொல்லிவிட்டு, எழுந்து வெளியே போய்விட்டார். மயக்க டாக்டரும் ஊசியை வைத்துவிட்டு அவர் பின்னாலேயே போனார்.

பெரியவளுக்கு அதுவரை அடக்கி வைத்திருந்தது எல்லாம் பொத்துக்கொண்டு வந்தது. வெளியே கணவனும் சின்னவளும் காத்திருக்கிறார்கள், அவர்கள் முகத்தில் எப்படி முழிப்பது என்று அழுதாள். தன் இடத்தில் அவள் உட்கார்ந்திருக்கிறாள், தெருவே அவள் கையைப் பார்த்து ஆச்சரியப்படுகிறது, தன் கையைப் பார்த்தால் உச்சுக்கொட்டுகிறது என்று அழுதாள்.

"எனக்கு அவமேல பொறாமை சிஸ்டர். வேற ஒண்ணும் இல்ல. எனக்கு இப்படிக் கிழிச்சிட்டு, அவளுக்கு மட்டும் உள்பக்கமா மறைச்சுக் கிழிச்சாங்களேன்னு வயிறு எரியுது."

நர்ஸ் ஸ்பிரிட்டில் பஞ்சை நனைத்து, அவள் கையில் இருந்த அம்பைத் துடைக்க ஆரம்பித்தாள்.

"உங்க வீட்ல இருந்து யார் வந்தாலும் மார்க்கரை ஒளிச்சு வெக்கணும் போலிருக்கும்மா. உங்க ஓரகத்தியும் இதே மேசையில படுத்துக்கிட்டு, டாக்டர் உள்பக்கம் போட்டதை அழிச்சிட்டு வெளிப்பக்கம் தானே ஒண்ணு போட்டுக்கிட்டு, டாக்டர் பாக்கறதுக்குள்ள நான் அதைத் துடைச்சுச் சரி பண்ணும்போது, 'அக்கா கை மாதிரி எல்லார் கண்ணுலயும் படற மாதிரி கிழிங்க சிஸ்டர், அந்தத் தழும்பைப் பாத்துத்தான் தெருவே அவங்ககிட்ட நின்னு விசாரிக்குது, என்னை யாரு கேக்கறாங்க'ன்னு இப்படித்தான் அழுதாங்க."