கல்லூரி இடத்தை ஏலம் கூறிய மூண்டுதரம்

உலகத்தில் வாயை மூடிக்கொண்டு நின்றே ஊரை வேர்க்க வைத்த மனிதர் ஒருவர்தான். அவர் எங்கள் அரிப்பு ஊர்க் கரையில் மீன் ஏலம் கூறிய மூண்டுதரம். ஞானஸ்நானப் பெயர் தேவாலயப் பங்குப் புத்தகத்தில் இருந்திருக்கும்; புத்தகம் போரோடு போய்விட்டது.

"ஒருதரம்" என்பார். "ரெண்டுதரம்" என்பார். பிறகு கடலைப் பார்த்துக்கொண்டு நிற்பார். மூன்றாவது வராது. நீங்கள் ஒரு பீடியைப் பற்றவைத்துக் குடித்தே முடிக்கலாம். அந்த இடைவெளியைத் தாங்கமாட்டாமல் கொழும்பு வியாபாரிகள் தாங்கள் கேட்ட விலைக்கு மேல் தாங்களே கேட்டுவிடுவார்கள். ஐந்தாம் வகுப்போடு பள்ளியை விட்ட நான் இரண்டு படகு, ஒரு லொறி, மீனுக்கு ஐஸ் போட ஒரு வாடி என்று சம்மாட்டியாக எழும்பி நின்றதற்கு முதல் காரணம் என் மூளை. இரண்டாவது காரணம் அந்த இடைவெளி.

அவருடைய கலியாணத்திலும் இதே கூத்துத்தான். "சம்மதமா?" என்று தேவாலயத்தில் சுவாமியார் கேட்க, "சம்மதம் ஒருதரம், சம்மதம் ரெண்டுதரம்" என்று நிறுத்திவிட்டுப் பீடத்தைப் பார்த்துக்கொண்டு நின்றார். பொம்பிளை காலை மிதித்த பிறகுதான் மூன்றாவது வந்தது.

போர் முடிந்து சனம் திரும்பிவந்து கொட்டில் போட்டுக்கொண்டிருந்த காலம். மன்னார் டவுனில் ஒரு தனியார் தாதியர் கல்லூரி திறந்தார்கள். பெயர் வேண்டாம். சில இடங்களை எழுத்துப் பரீட்சைப் புள்ளிப்படி இலவசமாகக் கொடுப்போம் என்று விளம்பரம். எங்கள் ஊர் யசிந்தா எழுதினாள். பலகையில் ஒட்டிய புள்ளிகளில் அவள்தான் முதலாவது. அதன் பிறகு, விளம்பரத்தில் இல்லாத நேர்முகத் தேர்வு ஒன்று முளைத்தது. அவளிடம் ஒரே கேள்வி: "அப்பா என்ன செய்யிறார்?"

"தேடிக்கொண்டிருக்கிறம் சேர்" என்றாள்.

அவளுக்கு இடம் இல்லை. அவளுக்குக் கீழே நின்ற முதலாளிமாரின் பிள்ளைகளுக்கு இருந்தது.

தாய் மனம் உடைந்து, மகளை ஆடைத் தொழிற்சாலைக்கு ஏற்றிப்போக வான்காரனுக்குச் சொல்லிவைத்தாள். மூண்டுதரம் அந்த வானைத் திருப்பி அனுப்பிவிட்டு, தாயையும் மகளையும் என் லொறியில் ஏற்றினார். என்னை ஒரு வார்த்தை கேட்கவில்லை. ஆகவே நானும் ஏறிக்கொண்டேன். நேரே நீதிமன்றம். வழக்குப் போட்டாயிற்று. வகுப்பு தொடங்க முன்னர் இணக்கசபையில் பேசிப் பாருங்கள் என்று நீதிபதி அனுப்பினார்.

சனிக்கிழமை பள்ளிக்கூட மண்டபத்தில் மூன்று பெரியவர்கள் இருந்து பிணக்குத் தீர்க்கிற சபை அது. அங்கே சட்டத்தரணிமார் வாய் திறக்கக் கூடாது. ஆகவே மூண்டுதரம் திறந்தார்.

கல்லூரி அதிபர் கோட்டுப் போட்டுக்கொண்டு வந்திருந்தார். இடம் கிடைத்த பிள்ளைகளின் தகப்பன்மாரும் வந்திருந்தார்கள்.

"நேர்முகத் தேர்வில பிள்ளைக்குப் புள்ளி குறைவு" என்றார் அதிபர்.

"எத்தினை ஐயா?" என்றார் மூண்டுதரம்.

"அது ரகசியம்."

"மூடின கூடையை நான் கூறுறேல்லை. கொட்டிக் காட்டுங்கோ, எல்லாரும் பாக்கட்டும்."

"சரி, அடுத்த வருஷம் யோசிப்பம்."

"அடுத்த வருஷ மீனை இண்டைக்கு விக்கேலாது ஐயா. வகுப்பு திங்கக்கிழமை."

சபைத் தலைவி ஓய்வுபெற்ற பள்ளிக்கூட ரீச்சர். "இப்ப நீங்கள் என்னதான் கேக்கிறியள்?" என்றார்.

மூண்டுதரம் எழும்பினார். சாரத்தை இறுக்கிக் கட்டினார். கரையில் கூறுகிற அதே குரல் கிளம்பியது.

"எங்கட யசிந்தா, எழுத்துப் பரீட்சையில எழுபத்தெட்டு! எழுபத்தெட்டுக்கு மேல கேக்கிற தகப்பன் ஆர்?"

ஒருவரும் இல்லை.

"எழுபத்தெட்டு, ஒருதரம்!"

முதலாளிமார் நிலத்தைப் பார்த்தார்கள்.

"எழுபத்தெட்டு, ரெண்டுதரம்!"

அதோடு நிறுத்திவிட்டு ஜன்னலைப் பார்த்துக்கொண்டு நின்றார். மின்விசிறி சுற்றியது. வெளியே ஒரு கழுதை கத்தி ஓய்ந்தது. ரீச்சர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். அதிபர் கோட்டையே கழற்றினார். ஒரு முதலாளி, யாரும் கேட்காமலே, "என்ர மகளுக்கு அம்பத்தொண்டுதான்" என்று சொல்லிவிட்டு வாயைப் பொத்திக்கொண்டார்.

"ஐயோ, மூண்டாவதைச் சொல்லித் துலையுங்கோவன்!" என்று அதிபர் கத்தினார். "குடுக்கிறன்! திங்கக்கிழமை பிள்ளையை வரச் சொல்லுங்கோ!"

"ரீச்சர் எழுதட்டும்" என்றார் மூண்டுதரம். ரீச்சர் எழுதி, அதிபர் கையெழுத்து வைத்த பிறகுதான் மூன்றாவது வந்தது.

திங்கட்கிழமை கரையில் பாரையும் சீலாவும் குவிந்து கிடந்தன, கூற ஆளில்லை. நானே கூறினேன். அதைப் பற்றி எழுதமாட்டேன். கோபத்தோடு லொறியை விட்டுக்கொண்டு டவுனுக்குப் போனால், மனிதர் கல்லூரி வாசலில் வெயிலுக்குள் குந்திக்கொண்டிருக்கிறார்.

"என்ன காணும், இஞ்ச என்ன செய்யிறீர்?"

"திருப்பியும் வெளியால விட்டாங்களெண்டால்? ஒரு கிழமை இருந்து பாப்பம் சம்மாட்டியார்."

"அப்ப என்ர மீன்?"

"மீன் நாளைக்கும் வரும். பிள்ளையின்ர தகப்பன் வரேல்லையே."

அடுத்த நாள் லொறியில் ஐஸோடு, வாசலில் உட்காரக் கதிரையும் ஏற்றினேன். அவர் ஒருவருக்கு ஒன்று போதும்தான். இரண்டு ஏற்றினேன்.