நெரிசலார்

எங்கே போனாலும் அங்கே தமக்கு முன்பே மனிதர்கள் வந்து நிற்பதைக் கண்டு நெஞ்சு வெடித்துப்போகும் ஓர் இனம் இந்தப் பூமியில் உண்டு. வாசகரே, உங்களுக்கு அவர்களைத் தெரியும். பேருந்தில் முண்டியடித்து ஏறி, ஜன்னலோரம் இடம் பிடித்து, கைக்குட்டையால் கழுத்தைத் துடைத்துக்கொண்ட பிறகு, நிற்பவர்களை ஒரு பார்வை பார்த்து, "இவ்வளவு ஜனத்தை நாடு தாங்குமா சார்?" என்று பெருமூச்சு விடுவாரே, அவர்தான். லிஃப்டில் கடைசி ஆளாக நுழைந்து, கதவு மூடாமல் மணி அலறும்போது, ஏற்கெனவே உள்ளே இருப்பவர்களை முறைப்பாரே, அவரேதான். அவருடைய அகராதியில் கூட்டம் என்றால் அவரைத் தவிர்த்த மற்ற எல்லோரும்.

இந்த இனத்தின் சகல லட்சணங்களும் பொருந்திய ஒருவர் குடிநீர் அலுவலகம் ஒன்றில் கண்காணிப்பாளராக இருந்தார். பெற்றோர் வைத்த பெயர் எதுவானால் என்ன? ஊழியர்கள் வைத்த பெயர் நெரிசலார்.

குழாய் வெடித்துத் தெரு குளமானால், "குழாய் என்ன பண்ணும் பாவம்? ஜனம் ஜாஸ்தி" என்பார். கோப்பு காணாமல் போனால் ஜனம் ஜாஸ்தி. அவர் தாமதமாக வந்தால், கேட்கவே வேண்டாம், வழியெல்லாம் ஜனம். தொட்டிலைக் கண்டால் மற்றவர்கள் குனிந்து, மூக்கு அம்மாவைப் போலவா, கண் அப்பாவைப் போலவா என்று பார்ப்பார்கள். நெரிசலார் குனிய மாட்டார். நின்றபடியே, "இது எத்தனையாவது?" என்பார்.

சரி, அவருக்கு எத்தனை? கேட்டிருக்க வேண்டாம். கேட்டுவிட்டீர்கள். நான்கு.

புதிதாக வந்த எழுத்தர் ஒருவன் விவரம் தெரியாமல், "சார், உங்களுக்கே நாலு பேராச்சே?" என்று கேட்டுவிட்டான்.

"அது வேறப்பா," என்றார் நெரிசலார். "அப்ப நாடு காலியா இருந்துச்சு."

மாதத்தின் முதல் வேலைநாளன்று அலுவலகக் கூடத்தில் உறுதிமொழி உண்டு. சுவரில் ஒரு பெரிய ஓவியம்: கைப்பெட்டியுடன் அப்பா, பக்கத்தில் அம்மா, நடுவில் ஒரு பையன், ஒரு பெண், நால்வருக்கும் ஒரே சிரிப்பு. அதன் எதிரே எல்லோரும் வரிசையாக நின்று வலக்கையை நீட்ட, நெரிசலார் கண்களை மூடிக்கொண்டு, குரல் தழுதழுக்க, "இரண்டோடு நிறுத்துவோம், இன்பமாய் வாழுவோம்" என்று சொல்லித்தர, கல்யாணமே ஆகாத கணக்கரும், ஓய்வுபெறும் வயதை எட்டிவிட்ட காவலாளியும் இரண்டோடு நிறுத்துவதாகத் தொண்டை கிழிய வாக்களிப்பார்கள். காவலாளி வாக்குத் தவறியதே இல்லை.

இந்த வரிசையில்தான் ஒருநாள் டைப்பிஸ்ட் பெண் வலக்கையை நீட்டியபடி, இடக்கையால் வயிற்றை மறைத்துக்கொண்டு நின்றாள். வீட்டில் இரண்டு பெண் குழந்தைகள். இது மூன்றாவது. மூன்றாவதற்குப் பிரசவ விடுப்பு கிடையாது என்பது விதி. உறுதிமொழி முடிந்ததும் விண்ணப்பத்துடன் நெரிசலாரின் மேஜைக்கு வந்த அவள் அதைக் கேட்கவும் இல்லை.

"நான் சேத்து வச்ச சம்பள லீவு இருக்கு சார். அதைத்தான் கேக்கறேன். நீங்க கையெழுத்து போட்டா போதும்."

நெரிசலார் கண்ணாடியைக் கழற்றினார். "பிரசவத்துக்குன்னு எழுதியிருக்கியே, எத்தனையாவதும்மா?"

"மூணாவது."

"டைப் அடிக்கறப்ப ஒரு எழுத்து தப்பா விழுந்தா அழிச்சுடலாம். இதை அழிக்க முடியுமா? யோசிக்க வேண்டாம்?"

"வீட்டுக்காரருக்கு வேலை போயிடுச்சு சார். என் சம்பளம் நின்னா வாடகை கொடுக்க முடியாது. வீட்டைக் காலி பண்ணச் சொல்லிடுவாங்க."

"வேலை இல்லாதவருக்கு இதுக்கு மட்டும் நேரம் இருந்துச்சாக்கும்!"

அவளுக்குக் கண்ணீர் எட்டிப் பார்த்தது. நெரிசலாருக்கும் கண்ணீர் எட்டிப் பார்த்தது. ஆனால் அது பூமிக்காக.

"நான் இதுல கையெழுத்து போட்டா அந்தப் பூமித்தாய் என்னை மன்னிப்பாளாம்மா?"

விண்ணப்பம் மேஜை இழுப்பறைக்குள் போயிற்று. அவள் சம்பளமில்லாத விடுப்பில் வீட்டுக்குப் போனாள். அன்று மாலை நெரிசலார் தம் மனைவியிடம் இதை ஒரு வீரச்செயலைப் போல விவரித்தார். அந்த அம்மாள் துணி மடித்தபடியே கேட்டுக்கொண்டாள்.

குழந்தை பிறந்தது. அடுத்த வாரமே நாடு தலைகீழாயிற்று.

அரசு எண்ணிப் பார்த்ததாம். பிறப்பு குறைந்துவிட்டதாம். இப்படியே போனால் வேலை செய்ய ஆளிருக்காது, வரி கட்டவும் ஆளிருக்காது என்று நிபுணர்கள் எச்சரிக்க, முதலாவதைக் கேட்டுக் கொட்டாவி விட்ட அரசு, இரண்டாவதைக் கேட்டு நிஜமாகவே கலங்கிற்று. உடனே புது ஆணை: மூன்று பெறுவோருக்குப் பாராட்டு, சலுகை, முழுச் சம்பளத்துடன் விடுப்பு! கூடத்துச் சுவருக்கு ஓவியர் வந்தார். மூன்றாவது குழந்தைக்கு இடமில்லாததால் அப்பாவின் கைப்பெட்டி இருந்த இடத்தில் அதை வரைந்துவிட்டுப் போனார். இப்போது அந்த அப்பா ஒரு குழந்தையைத் தலைமயிரைப் பிடித்துத் தூக்கிக்கொண்டு வேலைக்குப் போகிறார். சிரிப்பு மாறவில்லை.

நெரிசலார்? காலையில் ஆணையைப் படித்தார். மதியம் சாப்பிடப் போனார். திரும்பி வந்தபோது மாறியிருந்தார். அதே பிரசங்கம், அதே தழுதழுப்பு. "நிற்க இடமில்லை" என்றிருந்த இடத்தில் "நிற்க ஆளில்லை" என்று வந்தது, அவ்வளவுதான். கல்யாணமாகாத கணக்கரைப் பார்த்து, "இப்படி நாட்டுக்குத் துரோகம் பண்ணலாமாப்பா?" என்று உருகினார்.

இயக்குநர் ஒரு விழா ஏற்பாடு செய்தார். மூன்று பெற்ற தாய்மாரைப் பிரிவுக்கு ஒருவராக மேடையேற்ற வேண்டும். நெரிசலாரின் பிரிவில் அப்படி ஒரே ஒருத்திதான். ஆப்பிள் பையுடன் அவள் வீட்டுக்குப் போனார்.

ஒற்றை அறை. கொடியெல்லாம் ஈரத் துணி. இரண்டு பெண்களும் தகரப் பெட்டியை மேஜையாக்கிப் பாடம் எழுதிக்கொண்டிருந்தார்கள். வாழ்க்கையில் முதல் தடவையாக நெரிசலார் தொட்டில்மேல் குனிந்தார். "நாட்டோட சொத்தும்மா இது!"

"போன மாசம் பூமிக்கு பாரமா இருந்துச்சே சார்?"

"அது போன மாசம்மா."

"அப்ப என் லீவுல கையெழுத்து போடுவீங்களா? வாடகை கேட்டு வீட்டுக்காரம்மா ரெண்டு தடவை வந்து சத்தம் போட்டுட்டுப் போயிட்டாங்க."

"புது ஆணை இனிமே பொறக்கறவங்களுக்குத்தானேம்மா. உன் குழந்தை கொஞ்சம் அவசரப்பட்டுடுச்சு."

"நான் புது லீவா கேட்டேன்? என் பழைய லீவைத்தானே கேட்டேன்?"

"இப்ப போட்டா, அப்ப ஏன் போடலைன்னு மேல கேப்பாங்க."

"சரி சார். நீங்க கையெழுத்தோட வாங்க, நான் குழந்தையோட வர்றேன். ஆப்பிளை எடுத்துட்டுப் போங்க."

வேறு வழி? விழா மேடையில் தம் மனைவியையே ஏற்றினார் நெரிசலார். மூன்று கேட்டால் நான்கு தருகிறோமே, கசக்குமா? இயக்குநர் பூங்கொத்து கொடுத்து, "நாலு பிள்ளைகளை எப்படிம்மா வளர்த்தீங்க? அந்த ரகசியத்தைச் சொல்லுங்க" என்று ஒலிபெருக்கியை நீட்டினார்.

"ரகசியம் ஒண்ணுமில்லீங்க," என்றாள் அந்த அம்மாள். "நாலையும் நான் பாத்துக்கிட்டேன். இவர் நாட்டோட ஜனத்தொகையைப் பாத்துக்கிட்டார்."

கூடம் அதிர்ந்தது. நெரிசலாரும் சிரித்தார். பூகம்பத்தில் கட்டடம் சிரிப்பது போல.

"இங்க நிக்க வேண்டியது நான் இல்லீங்க. இவர் ஆபீஸ்ல டைப்பிஸ்ட் பொண்ணு ஒருத்தி இருக்கா. பச்ச உடம்போட, சம்பளம் இல்லாம, எப்ப வீட்டைக் காலி பண்ணச் சொல்வாங்களோன்னு உக்காந்திருக்கா. அவ சேத்து வச்ச லீவுதான். கையெழுத்து போடாம இழுப்பறையில வச்சிருக்கார். பெருமையா எங்கிட்டயே சொன்னார்."

சிரிப்பு நின்றது. இயக்குநர் மெல்லத் திரும்பினார். "அப்படியா?"

"பரிசீலனையில இருக்குங்க ஐயா."

"கொண்டுவாங்க."

காவலாளி ஓடிப்போய் எடுத்து வந்தார். அத்தனை பேர் முன்னால், இயக்குநரின் பேனாவால், நெரிசலார் கையெழுத்திட்டார். மறுநாள் செய்தித்தாளில் அந்தப் படம் வந்தது. அடியில், "தாய்மையைப் போற்றும் அதிகாரி" என்று போட்டிருந்தார்கள்.

டைப்பிஸ்ட்டுக்குச் சம்பளம் வந்தது, வாடகை போயிற்று, வீடு தப்பியது. கண்ணைத் துடைத்துக்கொள்ளுங்கள். அவள் வேலைக்குத் திரும்பிய அன்று, நெரிசலார் அவள் மேஜையருகே வந்து தாழ்ந்த குரலில் கேட்டது ஒன்றே ஒன்றுதான்: "அடுத்தது எப்பம்மா?"

சீ, இப்படியும் ஒரு மனிதரா என்று முகம் சுளிக்கிறீர்கள். மற்றவள் வயிறு, மற்றவள் தொட்டில், இவருக்கு என்ன வந்தது என்கிறீர்கள். நியாயம். ஆனால் வாசகரே, ஆப்பிள் பையோடு அவர் அந்தத் தொட்டில்மேல் குனிந்தாரே, அப்போதிருந்தே உங்களுக்குள்ளும் ஒரு குரல் நச்சரிக்கவில்லை? 'முதல் இரண்டும் பெண் என்றாயிற்று. மூன்றாவது என்ன? சொல்லவே இல்லையே!'

சொல்லப்போவதும் இல்லை. அந்தக் குரலை மட்டும் இன்னொரு தடவை உற்றுக் கேளுங்கள். கொஞ்சம் தழுதழுக்கிறதா?