இப்பெண்மணி

குற்றம் செய்தவனைப் பிடித்து உள்ளே போடுவது பழைய முறை. சாட்சி வேண்டும், வழக்கு வேண்டும், போதாததற்கு ஜாமீன் என்று ஒரு தொல்லை. செய்யப்போகிறவனைப் பிடித்து உள்ளே போடுவது புது முறை. தடுப்புக் காவல் என்று பேர். போதைப்பொருள் கடத்தலை ஒழிக்க வந்தது. அதில் ஒரு பெயிண்டர் உள்ளே போனார்.

அவர் செய்தது ஒரே ஒரு போன். மைத்துனனைக் கூப்பிட்டு, "மச்சான், வெள்ளை தீந்துபோச்சு. நாளைக்குச் சரக்கு வரலைன்னா பார்ட்டி கத்துவாரு" என்றார். பார்ட்டி என்பவர் எதிர்வீட்டு ரிட்டயர்டு. அவர் ஹால் சுவர் வெள்ளை பெயிண்ட் தீர்ந்து பாதியில் நின்றது. ஒட்டுக்கேட்கும் இலாகா சுவரைப் பார்க்கவில்லை, காதில் விழுந்ததைப் பார்த்தது. பெயிண்டரை மூட்டையோடு தூக்கினார்கள். மூட்டையில் இருந்தது சுவர் ஓட்டை அடைக்கிற பட்டிப் பொடி என்று ஆய்வுக்கூடம் எழுதிக் கொடுத்துவிட்டது.

பெயிண்டர் மனைவி உத்தரவு போட்ட அதிகாரியிடம் போனாள்.

"அதான் பட்டிப் பொடின்னு வந்துடுச்சே, சார். விட வேண்டியதுதானே?"

"ஏம்மா, உன் வீட்டுக்காரர் குற்றம் பண்ணியிருந்தா வழக்குப் போட்டிருப்போம். ஜாமீன்ல வந்திருப்பார். ஒண்ணும் பண்ணலை. அப்ப தடுப்புக் காவல்தானே போட முடியும்?"

"பண்ணாதவரை எதுக்கு சார் தடுக்கணும்?"

"பண்ணினவனை எப்படிம்மா தடுக்கறது? அவன்தான் பண்ணிட்டானே!"

தெருவும் சும்மா இருக்கவில்லை. "காரணம் இல்லாமலா பிடிப்பாங்க?" என்றார் ரிட்டயர்டு. பாதிச் சுவர்மேல் அவருக்குக் கோபம்.

விசாரிக்க ஒரு குழு உண்டு. பெயிண்டரை அதன்முன் நிறுத்தினார்கள்.

"இனிமே கடத்த மாட்டேன்னு நிரூபிப்பா."

"எப்படிங்க?"

"வெளியே இருந்து, கடத்தாம காட்டணும்."

"சரிங்க. வெளியே விடுங்க."

"விட்டா கடத்திடுவியே!"

குழு, உத்தரவு சரி என்று எழுதிவிட்டு டீ குடிக்கப் போனது.

மனைவி வக்கீலைப் பிடித்தாள்.

"அவர் ஒரு தப்பும் பண்ணலைங்க."

"அதைக் கோர்ட்டுல சொல்லிடாதீங்க. அது எடுபடாது. அவங்க தப்புப் பண்ணியிருக்காங்களான்னு பார்ப்போம்."

பண்ணியிருந்தார்கள். பழைய உத்தரவு ஒன்றைப் பார்த்து அப்படியே அடித்திருந்தார்கள். பேரை மட்டும் மாற்றியிருந்தார்கள். கடைசிப் பத்தி, 'இப்பெண்மணியை வெளியே விட்டால் சமுதாயம் சீரழியும்' என்றது.

நீதிபதி கண்ணாடியைக் கழற்றினார். "பெண்மணின்னு இருக்கே?"

அரசு வக்கீல் எழுந்தார். "கடத்தல்காரர்கள் மாறுவேஷம் போடுவது வழக்கம், கனம் நீதிபதி அவர்களே."

"மீசையோட நிக்கிறாரே."

"அதுதான் வேஷம்."

உத்தரவு ரத்தானது. அதிகாரி மனதைச் செலுத்தாமல் கையெழுத்துப் போட்டிருக்கிறார் என்று தீர்ப்பு குட்டியது. பெயிண்டர் வீட்டுக்கு வந்தார். மனைவி அழுதாள், சிரித்தாள், சாப்பாடு போட்டாள்.

அதிகாரிக்கு ரோஷம். இந்த முறை மனதைச் செலுத்தினார். பேர் ஆணுடையது, பத்தியில் பெண்மணி. இரண்டில் ஒன்று பிழை. எது? பத்தி பழைய உத்தரவிலிருந்து வந்தது, மேலதிகாரிகள் பார்த்தது. அது பிழையாக இருக்க முடியாது. ஆகவே பேரைத் திருத்தினார். மறுநாள் காலையில் ஜீப் வந்து மனைவியை ஏற்றிக்கொண்டு போயிற்று. 'இப்பெண்மணி அலுவலகத்துக்கு ஓயாமல் வந்து, ஒரு தப்பும் நடக்கவில்லை என்றே சாதித்தமையால், எதையும் சாதிக்கக்கூடியவர் எனத் தெரிகிறது' என்று ஒரு வரி சேர்ந்திருந்தது.

பெயிண்டர் வக்கீலிடம் ஓடினார். வக்கீல் உத்தரவை இரண்டு தடவை படித்தார். முகம் தொங்கிவிட்டது.

"ஒரு பிழைகூட இல்லையேப்பா. அருமையா எழுதியிருக்கான்."

"அவ ஒண்ணுமே பண்ணலை சார்!"

"அதான் சொல்றேன். நம்ம பக்கம் பலமே இல்லை."

பெயிண்டர் பிரஷ்ஷைக் கையில் எடுத்தார். வக்கீலுக்கு பீஸ் கொடுக்க வேண்டுமே. எதிர்வீட்டுப் பாதிச் சுவருக்கு முன்னால் போய் நின்றார்.

"மிச்சத்தை முடிச்சுடறேங்க. வெள்ளைதானே?"

ரிட்டயர்டு பாய்ந்து வந்து அவர் வாயைப் பொத்தினார். ஜன்னலைச் சாத்தினார். போனைத் தலையணைக்கு அடியில் தள்ளினார்.

"நீலம் அடிப்பா. எல்லாத்தையும் நீலமாவே அடிச்சுடு."

"ஏங்க, நீங்க என்ன பண்ணினீங்க பயப்பட?"

"ஒண்ணும் பண்ணலைப்பா," என்றார் ரிட்டயர்டு. "இந்த வயசு வரைக்கும் ஒண்ணுமே பண்ணலை."